லீவு லெட்டரும் டிஸ்மிஸ் ஆர்டரும்

காலை நேரத்துக் கும்மிடிப்பூண்டி லோக்கலில் நீங்கள் போயிருக்கிறீர்களா? சென்ட்ரலை ஒட்டிய மூர் மார்க்கெட் காம்ப்ளெக்ஸில் கிளம்பும். மற்ற லோக்கல்கள் எல்லாம் காலையில் சென்னைக்குள் ஆட்களைக் கொண்டுவந்து கொட்டும். இது சென்னையிலிருந்து ஆட்களை அள்ளிக்கொண்டு வெளியே போகும். எண்ணூரிலும் அத்திப்பட்டிலும் அனல் மின் நிலையத்துக்காரர்கள் இறங்குவார்கள். மீஞ்சூர், பொன்னேரியில் டீச்சர்களும் தாலுகா ஆபீஸ்காரர்களும். மிச்சம் இருப்பவர்கள் கும்மிடிப்பூண்டி சிப்காட்டுக்கு.

மிச்சத்தில் ஒருவனாக இரண்டு வருடம் அந்த ரயிலில் போனேன். பி.காம். முடித்த கையோடு சிப்காட்டில் ஒரு கம்பெனியில் அக்கவுன்ட்ஸ் அசிஸ்டென்ட் வேலை. அப்போது எனக்கு வயது இருபத்திரண்டு. ஜன்னலோரத்தில் எனக்கு இடம் பிடித்துத் தருகிற ஒரு ரயில் சிநேகிதர் இருந்தார். பொன்னேரிப் பக்கம் ஒரு அரசு அலுவலகத்தில் உதவியாளர். இருபத்திரண்டு வருட சர்வீஸ். அதாவது நான் பிறந்த வருடம் அவர் வேலைக்குச் சேர்ந்தவர். நான் "சார்" என்பேன், அவர் "தம்பி" என்பார். அதற்கு மேல் பேர்கூடத் தேவைப்படாத பழக்கம்.

2003 ஜூலை முதல் வாரத்தில் அந்த ரயில் திடீரென்று காலியாகிவிட்டது. உட்கார இடம் தேட வேண்டியதே இல்லை. ஸ்டிரைக். சாரையும் காணோம். இரண்டாவது வாரம் ஒருநாள் வந்தார். வழக்கமான தோல் பை இல்லை. டிபன் பாக்ஸ் இல்லை. "என்ன சார், ஸ்டிரைக் முடிஞ்சுதா?" என்று கேட்டேன்.

"எனக்கு முடிஞ்சுது தம்பி. டிஸ்மிஸ்."

நான் சிரித்தேன். நிஜமாகவே சிரித்தேன். கவர்மென்ட் உத்தியோகத்தில் இருப்பவரை டிஸ்மிஸ் செய்வதாவது! அம்மா அப்பா காலத்திலிருந்து நாம் கேட்டு வளர்ந்தது என்ன? அரசாங்க வேலை கிடைத்துவிட்டால் அரைக்காசு என்றாலும் ஆயுசுக்கும் கவலையில்லை. அவர் சிரிக்கவில்லை. பட்டியலில் தன் பேர் இருக்கிறதா என்று மறுபடியும் ஒருதரம் பார்க்கப் போய்க்கொண்டிருந்தார், பாவம்.

அவர் பேர் மட்டுமா இருந்தது? ஒரு லட்சத்து எழுபதாயிரத்துக்கும் அதிகமானவர்களின் பேர் இருந்தது.

இதை இன்றைக்கு நினைத்துப் பார்த்தால் நம்பக் கஷ்டமாக இருக்கும். எனவே கொஞ்சம் நிதானமாகவே சொல்கிறேன்.

அந்தச் சமயம் தமிழக அரசின் கஜானா நிலைமை சரியில்லை. சம்பளத்துக்கும் பென்ஷனுக்கும் வட்டிக்குமே வருமானத்தில் பெரும்பகுதி போய்விடுகிறது என்று முதல்வர் ஜெயலலிதா சொன்னார். பொய் இல்லை. அதற்கு அவர் கண்ட மருந்து, ஊழியர்களின் சலுகைகளில் கத்தரி. ஈட்டிய விடுப்பை ஒப்படைத்துக் காசாக்குவது நிறுத்தப்பட்டது. போனஸ் போனது. பென்ஷன் விதிகள் மாறின. 2003 ஏப்ரல் ஒன்றாம் தேதிக்குப் பிறகு வேலைக்குச் சேர்கிறவர்களுக்குப் பழைய பென்ஷனே கிடையாது என்று ஆனது. ஊழியர் சங்கங்களும் ஆசிரியர் சங்கங்களும் ஒன்று சேர்ந்து ஜூலை 2 முதல் காலவரையற்ற வேலைநிறுத்தம் என்று அறிவித்தன.

அரசாங்கத்திடம் ஏற்கெனவே ஒரு சட்டம் தயாராக இருந்தது. 2002-ல் கொண்டுவந்த தமிழ்நாடு அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டம். சுருக்கமாக டெஸ்மா. ஸ்டிரைக் தொடங்கும் முன்பே நள்ளிரவுகளில் சங்கத் தலைவர்களின் வீட்டுக் கதவு தட்டப்பட்டது. ஜூலை 4-ம் தேதி ஒரு அவசரச் சட்டம் போட்டு டெஸ்மாவில் புதிதாக ஒரு பல் முளைக்க வைத்தார்கள். ஸ்டிரைக்கில் இருப்பவரை விசாரணை எதுவும் இல்லாமல் வேலையை விட்டு எடுக்கலாம். மெமோ வேண்டாம், விளக்கம் வேண்டாம், விசாரணை அதிகாரி வேண்டாம். வருகைப் பதிவேட்டில் கையெழுத்து இல்லையா? வீட்டுக்குப் போ.

காலி இடங்களில் தொகுப்பூதியத்துக்குப் புதிய ஆட்களையும் எடுக்க ஆரம்பித்தார்கள். மனு கொடுக்க இளைஞர்கள் வரிசையில் நின்றார்கள். என்னோடு பி.காம். படித்த இரண்டு பேர் அந்த வரிசையில் நின்றார்கள். அவர்களைத் தப்பு சொல்ல எனக்கு மனசு வராது. வேலையில்லாதவனுக்கு இன்னொருத்தன் நாற்காலி காலியாக இருந்தால் நாற்காலிதானே தெரியும்?

உங்களில் சிலருக்கு இப்போதே ஒரு கேள்வி எழுந்திருக்கும். "வேலைக்கு வராதவனை வீட்டுக்கு அனுப்பினால் என்ன தப்பு? லஞ்சம் வாங்கத் தெரிகிறது, ஸ்டிரைக் செய்யத் தெரிகிறது..." 2003-லும் டீக்கடைகளில் இதுதான் பேச்சு. சொல்லப்போனால் அன்றைக்குப் பொதுமக்கள் அனுதாபம் ஊழியர்கள் பக்கம் இல்லவே இல்லை. ஒரு சாதிச் சான்றிதழுக்கு ஏழு தடவை நடந்தவனிடம் போய் அனுதாபத்தை எதிர்பார்க்க முடியாதுதான். ஆனால் கேள்வி, தண்டிக்கலாமா கூடாதா என்பதல்ல. எவ்வளவு என்பது.

இந்த 'எவ்வளவு' என்கிற கேள்விக்கு நம் நாட்டில் ஒரு சரித்திரம் இருக்கிறது. முழுக்க முழுக்கச் சில்லறை மனிதர்களால் எழுதப்பட்ட சரித்திரம். வார்டர், கான்ஸ்டபிள், சிப்பாய் என்று.

வெள்ளைக்காரன் காலத்து விதி ரொம்ப எளிமையானது. அரசு ஊழியர் மகாராஜாவின் விருப்பம் உள்ளவரை வேலையில் இருப்பார். விருப்பம் தீர்ந்தால் கிளம்ப வேண்டியதுதான். நம் அரசியல் சட்டத்திலும் 310-வது பிரிவாக அந்த விதி இருக்கிறது. மகாராஜா இருந்த இடத்தில் ஜனாதிபதி, கவர்னர். ஆனால் அடுத்த வீட்டிலேயே 311-வது பிரிவைக் குடிவைத்தார்கள். குற்றச்சாட்டு என்னவென்று சொல்லாமல், பதில் சொல்ல வாய்ப்புக் கொடுக்காமல் ஒருவரை டிஸ்மிஸ் செய்யக்கூடாது என்றது அது. விதிவிலக்குகள் மூன்று. கிரிமினல் வழக்கில் தண்டனை பெற்றவர். தேசப் பாதுகாப்பு சம்பந்தப்பட்டவர். விசாரணை நடத்துவது நடைமுறையில் சாத்தியமே இல்லை என்று எழுத்தில் காரணம் காட்டப்பட்டவர்.

நம்மூர் அரசு அலுவலகங்களில் யாரைக் கேட்டாலும் "செவன்டீன் ஏ", "செவன்டீன் பி" என்பார்கள். தமிழ்நாடு அரசுப் பணியாளர் ஒழுங்கு விதிகளின் 17-வது விதி. 17(ஏ) என்றால் சிறு தண்டனை. கண்டனம், இன்கிரிமென்ட் கட் போன்றவை. 17(பி) என்றால் வயிற்றில் புளி கரையும். குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விசாரணை அதிகாரி, சாட்சிகள், எல்லாம் முடிந்தால் கட்டாய ஓய்வு, பணி நீக்கம், பணியறவு வரைக்கும் போகலாம். கடைசி இரண்டும் ஒன்றல்ல. பணி நீக்கம் ஆனவர் வேறு அரசு வேலைக்கு மனுவாவது போடலாம். பணியறவு ஆனவருக்குப் பொதுவாக அந்தக் கதவும் சாத்தப்படும். ஒரு படிக்கட்டு மாதிரி இருக்கிறது, பாருங்கள். கீழ்ப்படியில் கண்டனம், மேல்படியில் பணியறவு. நடுவில் இத்தனை படி எதற்கு? குற்றத்துக்குத் தகுந்த படியில் நிற்கவைக்கத்தான்.

வேலைக்கு வராமல் போன விவகாரத்தில் முதலில் சுப்ரீம் கோர்ட் படியேறியவர்களில் ஒருவர் ஜோத்பூர் மத்திய சிறையின் தலைமை வார்டர். 1950 ஏப்ரலில் இரண்டு மாத லீவில் போனார். உடம்பு சரியில்லை என்று லீவை நீட்டிக்கச் சொல்லி எழுதினார். வேலை போய்விட்டது என்று தகவல் வந்தது. ஜோத்பூர் சமஸ்தானத்துப் பழைய விதி ஒன்று இருந்ததாம். லீவு முடிந்து ஒரு மாதத்துக்கு மேல் வராதவர் தன் பதவியைத் தானே தியாகம் செய்துவிட்டதாகக் கருதப்படுவார். என்ன அழகான வார்த்தை பாருங்கள், தியாகம்! 'நாங்கள் எங்கே நீக்கினோம், அவராகத்தானே போனார்' என்பதுதான் அரசின் வாதம். 1965-ல் சுப்ரீம் கோர்ட் அந்த வேஷத்தைக் கலைத்தது. எந்தப் பேரில் சொன்னாலும் இது நீக்கம்தான், 311-ன்படி அவரை ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டும் என்று தீர்ப்பு. பதினைந்து வருடம் கழித்து அவருக்கு நியாயம் கிடைத்தது.

அதாவது, கேட்காமல் தண்டிக்காதே என்பது முடிவாகிவிட்டது. ஆனால் கேட்டுவிட்டு அளவுக்கு மீறித் தண்டித்தால்?

அந்தக் காலத்தில் இதற்கும் ஒரு வழி இருந்தது. விசாரணை முடிந்து, 'உன்னை டிஸ்மிஸ் செய்யலாம் என்றிருக்கிறோம்' என்று இரண்டாவது நோட்டீஸ் ஒன்று கொடுக்க வேண்டும். 'ஐயா, நான் செய்தது தப்புதான். அதற்கு இது ரொம்ப அதிகம்' என்று ஊழியர் கெஞ்சவோ வாதாடவோ அது ஒரு சந்தர்ப்பம். எமர்ஜென்ஸி நேரத்தில், 1976-ல், அரசியல் சட்டத்தின் 42-வது திருத்தம் வந்தபோது இந்தச் சந்தர்ப்பத்தைச் சத்தமில்லாமல் எடுத்துவிட்டார்கள். 42-வது திருத்தத்தில் எத்தனையோ பெரிய விஷயங்கள். இந்தச் சின்ன விஷயத்துக்காக அழ யாருக்கும் நேரமில்லை.

என் கணிப்பு என்னவென்றால், அந்தக் கதவை மூடியதுதான் கோர்ட்டுகள் வேறு ஜன்னலைத் திறக்கக் காரணமாகியிருக்க வேண்டும். 1983-லிருந்து சுப்ரீம் கோர்ட் வேறு மாதிரி பேச ஆரம்பிக்கிறது. குற்றத்தின் கனத்துக்குப் பொருந்தாத தண்டனை சமத்துவத்தைச் சொல்கிற 14-வது பிரிவுக்கே விரோதம் என்கிறது.

1987-ல் வந்ததுதான் பிரமாதமான வழக்கு. ராணுவத்தில் ஒரு சிக்னல்மேன். மேலதிகாரிகள் தன்னைக் கொடுமைப்படுத்துவதாக, உரிய வழியாக அனுப்பாமல் நேரே மேலிடத்துக்கு எழுதிவிட்டார். அதற்கே 28 நாள் கடுங்காவல். காவலில் இருக்கும்போது சாப்பிடு என்று உத்தரவிட்டார்கள், சாப்பிடவில்லை. அதற்காக ராணுவ விசாரணை, ஒரு வருடச் சிறை, டிஸ்மிஸ். விசாரித்தவர்களில் ஒருவர், அவர் யார் மேல் புகார் சொன்னாரோ அவரேதான்! சாப்பிடாததற்கு வேலையே போனது. நீதிபதி வெங்கடாசலையா எழுதிய அந்தத் தீர்ப்பு, மனசாட்சியை உலுக்குகிற தண்டனை தண்டனையே அல்ல, பழிவாங்கல் என்கிற ரீதியில் போகிறது. இன்றுவரை வக்கீல்கள் மேற்கோள் காட்டுகிறார்கள்.

இதை ஏதோ நம் கோர்ட்டுகள் கண்டுபிடித்த தத்துவம் என்று நினைக்க வேண்டாம். ஜெர்மனியில், பிரஷ்ய நிர்வாக நீதிமன்றம் 1882-லேயே போலீஸ் அதிகாரத்துக்கு அளவு வேண்டும் என்று ஆரம்பித்துவைத்தது. இங்கிலாந்தில் லார்ட் டிப்ளாக் 1984-ல்தான் அந்த வார்த்தையையே தயங்கித் தயங்கி உச்சரித்தார். அதுவும் எந்த வழக்கில்? உளவு நிலையம் ஒன்றில் அரசு ஊழியர்கள் சங்கத்தில் இருக்கக்கூடாது என்று மார்கரெட் தாட்சர் அரசாங்கம் தடை போட்ட வழக்கில். அவர்கள் எல்லோருக்கும் ரொம்ப முன்னால் நம் வள்ளுவர், 561-வது குறளில், தகுந்தபடி விசாரி, அதே தப்பு திரும்ப நடக்காத அளவுக்கு மட்டும் தண்டி என்று சொல்லிவிட்டார். அடுத்த குறளில், கம்பை ஓங்கும்போது பலமாக ஓங்கு, அடி விழும்போது மெதுவாக விழட்டும் என்கிறார். திருவள்ளுவருக்குக் கடற்கரைச் சாலையில் சிலை வைத்து, பஸ்ஸில் குறள் எழுதிவைத்த ஊர் இது.

தொண்ணூறுகளில் வரிசையாக வழக்குகள். லீவு முடிந்து 12 நாள் கூடுதலாகத் தங்கிவிட்ட சி.ஆர்.பி.எஃப். வீரருக்கு டிஸ்மிஸ்; அதிகம் என்றது கோர்ட். டெல்லியில் ஒரு கான்ஸ்டபிள், உடம்பு முடியாமல் இரண்டு மாதத்துக்குச் சற்று மேல் வரவில்லை. மருத்துவச் சான்றிதழ் கொடுத்தும் நீக்கினார்கள். 2004-ல் சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்தது. அதே வருடம் டெல்லி போக்குவரத்துக் கழக கண்டக்டர்கள் விஷயத்தில் கோர்ட் வேறு மாதிரி சொன்னது. சொல்லாமல் கொள்ளாமல் மட்டம் போடுவதையே வழக்கமாக வைத்திருந்தவர்கள் அவர்கள். நீக்கியது சரிதான் என்றது. பஸ் ஸ்டாண்டில் கால் கடுக்க நிற்கிறவனுக்கும் நியாயம் இருக்கிறதல்லவா? ஆக, கோர்ட் கண்ணை மூடிக்கொண்டு ஊழியர் பக்கம் சாய்ந்துவிடவில்லை. ஏன் வரவில்லை, எத்தனை நாள், இதற்கு முன் எப்படி, என்று மூன்று கேள்வி கேட்டது. அவ்வளவுதான்.

இப்போது 2003-க்குத் திரும்புவோம். அந்த மூன்று கேள்விகளில் ஒன்றுகூட யாரிடமும் கேட்கப்படவில்லை. ஒரு லட்சத்து எழுபதாயிரம் பேரில் ஒருவருக்குமா டைபாய்டு வந்திருக்காது? ஒரு வீட்டிலுமா சாவு விழுந்திருக்காது? வரப் பயந்து, சங்கத்துக்காரர்கள் என்ன சொல்வார்களோ என்று வீட்டில் உட்கார்ந்திருந்தவர் எத்தனை பேர்? என் பி.காம். புத்தி இப்படித்தான் யோசிக்கிறது: ஒரு கம்பெனி தன் வாராக்கடன் அத்தனையையும் ஒரே என்ட்ரியில் தள்ளுபடி செய்தால் ஆடிட்டர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, ஒவ்வொன்றுக்கும் வவுச்சர் எங்கே என்பார். இங்கே தள்ளுபடியானது கடன் அல்ல, குடும்பங்கள். மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தின கதை.

சென்னை உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி, விசாரணையில்லாத நீக்கங்களை நிறுத்திவைத்து, எல்லோரையும் வேலைக்குத் திரும்பச் சொன்னார். மூச்சு வந்தது. உடனே அரசு அப்பீல் செய்தது. டிவிஷன் பெஞ்ச் அந்த உத்தரவை ரத்து செய்தது. 'நீங்கள் நிர்வாகத் தீர்ப்பாயத்துக்கு அல்லவா போக வேண்டும், இங்கே ஏன் வந்தீர்கள்' என்று கேட்டது. சட்டப்படி சரியான கேள்வியாகக்கூட இருக்கலாம். ஆனால் அந்தத் தீர்ப்பாயத்தில் அப்போது இருந்தவர் ஒரே ஒருவர். ஒருவர்! லட்சக்கணக்கான மனுக்களை அவர் படித்து முடிக்க எத்தனை ஜென்மம் எடுக்க வேண்டும்? ஆனால் கைதான 2,211 பேரில் பெரும்பாலோர் குமாஸ்தாக்களும் கடைநிலை ஊழியர்களும்தான் என்பதைப் பார்த்த அதே பெஞ்ச், அவர்களை ஜாமீனில் விடச் சொன்னது. அவர்களில் 74 பேர் பெண்கள்.

சி.ஐ.டி.யு. தலைவர் டி.கே.ரங்கராஜன் உள்ளிட்டோர் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். நீதிபதிகள் எம்.பி.ஷா, ஏ.ஆர்.லட்சுமணன். லட்சுமணன் தேவகோட்டைக்காரர். ஜூலை 24-ம் தேதி கோர்ட்டின் யோசனையை ஏற்று அரசு வக்கீல் கே.கே.வேணுகோபால் ஒரு உறுதி கொடுத்தார். கைதானவர்களையும் எஃப்.ஐ.ஆர். போடப்பட்டவர்களையும் தவிர மற்ற எல்லோரையும் திரும்ப எடுத்துக்கொள்கிறோம். ஆனால் நிபந்தனையில்லாத மன்னிப்புக் கடிதம் வேண்டும். இனி நடத்தை விதி 22-ஐ மீற மாட்டேன், அதாவது ஸ்டிரைக் செய்ய மாட்டேன் என்ற உறுதிமொழியும் வேண்டும்.

மன்னிப்புக் கடிதம் எழுதிய அன்று மாலை சாரை ரயிலில் பார்த்தேன். கை மைக்கறையோடு இருந்தது. "எத்தனை லெட்டர் டிராஃப்ட் பண்ணியிருப்பேன் தம்பி இந்தக் கையால. இது ஒண்ணுதான் ரெண்டு தடவ கிழிச்சு எழுதினேன்" என்றார். மீஞ்சூர் வரைக்கும் அப்புறம் பேசவில்லை. மகளுக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்த நேரம். 'பையனுக்குப் பெண் கொடுப்பவர் அரசு ஊழியர்' என்பதுதான் அந்தச் சம்பந்தத்தின் அஸ்திவாரமே.

ஆகஸ்ட் 6-ம் தேதி இறுதித் தீர்ப்பு வந்தது. ஊழியர்கள் கொண்டாடவும் முடியாத, அழவும் முடியாத தீர்ப்பு. மிச்சமிருந்த 6,072 பேரின் விஷயத்தை ஓய்வுபெற்ற மூன்று உயர் நீதிமன்ற நீதிபதிகள் பார்ப்பார்கள் என்று அரசு ஒப்புக்கொண்டது. கூடவே, அரசு ஊழியருக்கு ஸ்டிரைக் செய்ய அடிப்படை உரிமையும் இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மிக உரிமையும் இல்லை என்று சுப்ரீம் கோர்ட் ஓங்கிச் சொல்லிவிட்டது. வேலை திரும்பியது, உரிமை போனது. எனக்கு இந்தத் தீர்ப்பில் உள்ள வருத்தம் ஸ்டிரைக் பற்றியதல்ல. விசாரணையே இல்லாமல் இத்தனை பேரை நீக்கலாமா என்ற கேள்விக்கு, அத்தனை வருட 'அளவு' சரித்திரத்தை வைத்துக்கொண்டு, கோர்ட் நேராகப் பதில் சொல்லியிருக்கலாம். சமரசத்தில் கேள்வி கரைந்துவிட்டது.

அமெரிக்காவில் 1981-ல் இப்படி நடந்ததே என்று அன்றைக்குப் பலர் சொன்னார்கள். ரொனால்ட் ரீகன், விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்கள் 11,345 பேரை ஆகஸ்ட் 5-ம் தேதி ஒரே நாளில் வீட்டுக்கு அனுப்பினார். ஆனால் திரும்பி வர 48 மணி நேரம் கெடு கொடுத்துவிட்டுத்தான் அனுப்பினார். அவர்கள் மீண்டும் மத்திய அரசு வேலைக்கு வரவே கூடாது என்ற தடையை பில் கிளின்டன் நீக்க 1993 ஆனது. பன்னிரண்டு வருடம். நம்மூரில் அத்தனை காலம் ஆகவில்லை. 2004 மே மாதம் நாடாளுமன்றத் தேர்தல் முடிவு வந்தது. தமிழ்நாட்டின் 39 தொகுதியிலும் அ.தி.மு.க. கூட்டணி தோற்றது. சில நாட்களில் ஊழியர்கள் மீதான நடவடிக்கைகளை ஜெயலலிதாவே வாபஸ் வாங்கினார். 311-வது பிரிவு செய்யாததை ஓட்டுப்பெட்டி செய்தது என்று அப்போது ஒரு ஜோக் உண்டு. அது மெஷின் ஓட்டு, பெட்டி ஏது என்று யாரும் திருத்தவில்லை.

அதற்குப் பிறகு கோர்ட்டுகள் அந்தப் பழைய கேள்வியை விடவில்லை. 2009-ல் ஆறு மாதத்துக்கு மேல் வேலைக்கு வராத கோல் இந்தியா அதிகாரி ஒருவர் வழக்கு. அவர் தப்பை ஒப்புக்கொண்டார், சொந்தக் கஷ்டம் என்றார். நீக்கியது அதிகம், திரும்ப எடு, ஆனால் வராத காலத்துக்குச் சம்பளம் கிடையாது என்றது சுப்ரீம் கோர்ட். கணக்கு சரியாக டேலி ஆகிற தீர்ப்பு! 2012-ல் உளவுத்துறை ஊழியர் ஒருவரின் வழக்கில் இன்னும் ஒரு படி மேலே போனது. வேலைக்கு வரவில்லை என்று மட்டும் நிரூபித்தால் போதாது. வர முடிந்தும் வேண்டுமென்றே வரவில்லை என்று நிரூபிக்க வேண்டும். விபத்து, ஆஸ்பத்திரி, வேறு நிர்ப்பந்தம் என்றால் அது கடமை தவறியதாகாது.

தமிழ்நாட்டு அரசுகளும் கொஞ்சம் கற்றுக்கொண்டன என்றுதான் சொல்ல வேண்டும். 2019 ஜனவரியில் ஜாக்டோ-ஜியோ ஸ்டிரைக் நடந்தபோது கைதும் சஸ்பெண்டும் டிரான்ஸ்ஃபரும் இருந்தன. ஆனால் கையில் எடுத்த ஆயுதம் 17(பி). அவசரச் சட்டம் அல்ல. 2021-ல் அந்த நடவடிக்கைகளும் கைவிடப்பட்டன. மத்திய அரசு மட்டும் அதே 2021-ல், ராணுவத் தளவாடத் தொழிற்சாலைகளைக் கம்பெனிகளாக்கும் நேரத்தில், டெஸ்மாவின் ஞாபகம் வருகிற மாதிரி ஒரு சட்டம் கொண்டுவந்தது. தளவாடத் தொழிற்சாலையில் ஸ்டிரைக் செய்தால் விசாரணை இல்லாமல் டிஸ்மிஸ் செய்ய அதில் இடம் இருந்தது. ஒரு வருடம் மட்டும் உயிரோடு இருந்த சட்டம். நம் திருவள்ளூர் மாவட்டத்து ஆவடியில், டாங்கி செய்கிற தொழிற்சாலையின் வாசலில், அந்த வருடம் முழுக்க அதன் நிழல் விழுந்து கிடந்தது.

சார் மகளுக்குக் கல்யாணம் நடந்தது. சாப்பிட்டுவிட்டு வந்தேன். சில வருடம் கழித்து பென்ஷனோடு ஓய்வு பெற்றார்.

இன்னொருவரைப் பற்றிச் சொல்லாமல் இதை முடித்தால் எனக்கே உறுத்தும். அதே 2003, அதே கும்மிடிப்பூண்டி. நான் வேலை பார்த்த கம்பெனியில் ஒரு மெஷின் ஆபரேட்டர். ஆந்திர எல்லை தாண்டி ஒரு கிராமம். அப்பா செத்துப் போய்விட்டார் என்று தகவல் வந்து ராத்திரி ஷிஃப்டிலிருந்து கிளம்பினார். காரியம் எல்லாம் முடித்துப் பதினொன்றாம் நாள், மொட்டைத் தலையோடு கேட்டில் வந்து நின்றார். வாட்ச்மேன் உள்ளே விடவில்லை. எட்டு நாளுக்கு மேல் தகவல் இல்லாமல் வராதவர் வேலையைத் தானாக விட்டுப் போனதாக அர்த்தம் என்று கம்பெனியின் நிலையாணையில் ஒரு வரி இருந்தது. 1946-ம் வருடத்துச் சட்டத்தின் கீழ் எழுதப்பட்ட நிலையாணை. ஜோத்பூர் சமஸ்தானத்துத் 'தியாகம்' வேறு சட்டை போட்டுக்கொண்டு சிப்காட்டுக்கு வந்திருந்தது. (2025 நவம்பரில் தொழில் உறவுச் சட்டத் தொகுப்பு அமலுக்கு வந்து அந்தப் பழைய சட்டத்தின் இடத்தை எடுத்துக்கொண்டது.)

அந்த மாதிரி வரியை மட்டும் வைத்து, விசாரிக்காமல் ஒருவரை நீக்க முடியாது என்று சுப்ரீம் கோர்ட் 1993 மே மாதமே சொல்லியிருந்தது. டி.கே.யாதவ் வழக்கு. அவரும் தனியார் கம்பெனித் தொழிலாளிதான். அதே எட்டு நாள் விதி. ஒரு மனிதனின் பிழைப்பு என்பது அவன் உயிர் வாழும் உரிமையில் சேர்த்தி, விசாரிக்காமல் அதைப் பறிக்க முடியாது என்று சொல்லி, பாதிச் சம்பளப் பாக்கியோடு திரும்ப வேலைக்கு எடுக்கச் சொன்ன தீர்ப்பு. அது வந்து பத்து வருடம் ஆகியும் கும்மிடிப்பூண்டியில் எங்கள் கேட்டுக்கு வந்து சேரவில்லை. அந்த ஆபரேட்டருக்குத் தெரியாது. வாட்ச்மேனுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. மேலே இருந்தவர்களுக்குத் தெரிந்திருக்கலாம்.

அவர் மூன்று நாள் கேட்டில் வந்து நின்றார். நான்காவது நாள் வரவில்லை. அவருக்கு அவசரச் சட்டம் போடவில்லை, பேப்பரில் செய்தி வரவில்லை, சுப்ரீம் கோர்ட்டில் வேணுகோபால் எழுந்து நின்று உறுதி எதுவும் கொடுக்கவில்லை. மன்னிப்புக் கடிதம்கூட யாரும் கேட்கவில்லை. ஃபைனல் செட்டில்மென்ட் கணக்கைப் போடச் சொன்னார்கள். போட்டேன். பதினெட்டு நாள் சம்பளம், கேன்டீன் பாக்கி கழித்து. சம்பள ரிஜிஸ்டரில் அவர் பேருக்கு மேல் சிவப்பு மையில் கோடு இழுத்தவன் நான்தான். அடுத்த மாதம் அவருடைய டோக்கன் நம்பரை வேறொரு பையனுக்குக் கொடுத்தோம்.